முதல் ட்ரையத்லானுக்கு எந்த சைக்கிள்? பீளமேட்டுத் தம்பிக்கு ஒரு பதில்

பீளமேட்டிலிருந்து ஒரு தம்பி கேட்டிருக்கிறார். ட்ரையத்லான் என்றால் நீச்சல், சைக்கிள், ஓட்டம் மூன்றையும் அடுத்தடுத்து முடிக்கும் போட்டி; ஸ்பிரிண்ட் அதில் குறைந்த தூரம், கோவாவில் நடக்கும் 70.3 நீண்ட தூரம். டிடி பைக் என்பது தனியாக நேரத்தோடு போட்டி போட்டு ஓட்டுவதற்கான சைக்கிள், ரோடு பைக் என்பது வளைந்த கொம்பு ஹேண்டில்பார் வைத்த வழக்கமான வேக சைக்கிள். அவர் கேள்வியைச் சுருக்கித் தருகிறேன்: "வயது 34. உயரம் 172 செ.மீ., எடை 71 கிலோ. கிணற்றில் நீச்சல் பழகியவன், இப்போது குளத்தில் ஒரு கிலோமீட்டர் நிற்காமல் போகிறேன். அரை மாரத்தான் இரண்டு மணி நேரத்துக்குள் ஓடியிருக்கிறேன். இந்த வருடம் ஒரு ஸ்பிரிண்ட் ட்ரையத்லான், அடுத்த வருடம் கோவா 70.3 செய்ய ஆசை. கையில் 80,000 ரூபாய் இருக்கிறது. நண்பர் ஒருவர் தன் கார்பன் டிடி பைக்கை 85,000க்குத் தருகிறேன் என்கிறார். ஃபிரேம் அளவு 56. கடையில் அலுமினியம் ரோடு பைக்கைக் காட்டுகிறார்கள். எதை வாங்கட்டும் அண்ணா?"

நண்பருடைய பைக்கை வாங்காதீர்கள். கடையில் காட்டியதையும் நாளைக்கே வாங்கிவிடாதீர்கள். ஏன் என்று சொல்கிறேன், கொஞ்சம் நீளும்.

முதலில் என் கதை. எட்டு வருடத்துக்கு முன்னால் நானும் உங்களைப் போலத்தான், கையில் காசு, மனசில் அவசரம். சென்னையில் ஒரு கடையில் பழைய சரக்கு என்று முப்பது சதவீதம் தள்ளுபடியில் ஒரு ரோடு பைக் நின்றிருந்தது. அளவு 56. என் உயரம் 169. "கொஞ்சம் பெரிசா இருக்கே" என்றேன். "சீட்டை இறக்கிட்டா சரியாயிடும் சார்" என்றார் கடைக்காரர். இறக்கினோம், காலும் தரைக்கு எட்டியது. அன்றைக்கு எனக்குப் புரியாமல் போனது ஒன்றுதான்: சீட்டை இறக்கினால் உயரம் குறையும், நீளம் குறையாது. ஹேண்டில்பார் இருந்த இடத்திலேயேதான் இருக்கும்.

அடையாறிலிருந்து விடிகாலையில் கிளம்பி கிழக்குக் கடற்கரைச் சாலையில் போவேன். முட்டுக்காடு பாலம் வருவதற்குள் சுண்டுவிரலும் மோதிரவிரலும் மரத்துப்போகும். மாமல்லபுரம் தொட்டுத் திரும்பும்போது எதிரே கடற்காற்று, கழுத்தில் யாரோ கட்டையைச் சொருகியது போல ஒரு வலி. உடற்பயிற்சி போதவில்லை என்று நினைத்தேன். ஜெல் வைத்த கையுறை வாங்கினேன், ஹேண்டில்பாரில் டேப்பை இரண்டு சுற்று சுற்றினேன், மூன்று சீட் மாற்றினேன். ஒன்பது மாதம் கழித்து, உடம்புக்கு ஏற்றபடி சைக்கிளைச் சரிசெய்து தருபவர் ஒருவர் அளந்து பார்த்துவிட்டுச் சிரித்தார். எனக்கு வேண்டியதைவிட ஹேண்டில்பார் மூன்று சென்டிமீட்டர் தள்ளி இருந்தது. ஹேண்டில்பாரை ஃபிரேமோடு இணைக்கும் ஸ்டெம்மை 110 மி.மீ.லிருந்து 70க்கு மாற்றிப் பார்த்தோம். கை எட்டியது, ஆனால் வண்டி அலைபாய ஆரம்பித்தது. கடைசியில் பாதி விலைக்கு விற்றேன். முப்பது சதவீதம் மிச்சம் பிடித்தவன் ஐம்பது சதவீதம் விட்டது இப்படித்தான்.

அதனால்தான் உங்கள் நண்பர் சொன்ன விலையைவிட 56 என்ற எண்தான் என் கண்ணில் முதலில் பட்டது. 172 செ.மீ. உயரத்துக்குப் பெரும்பாலான கம்பெனிகளில் 52 அல்லது 54 தான் வரும். ஒரு கம்பெனியின் 54 இன்னொரு கம்பெனியின் 52 மாதிரி இருக்கும். சிலர் எஸ், எம் என்று மட்டும் போடுவார்கள். அதனால் அந்த எண்ணை அப்படியே நம்பாமல் இரண்டு அளவுகளைப் பாருங்கள்: ஸ்டாக், ரீச். பெடல் தண்டுகள் இரண்டையும் தாங்கிச் சுழலும் அச்சின் நடுவிலிருந்து ஃபிரேமின் முன்குழாயின் உச்சி எவ்வளவு உயரம் என்பது ஸ்டாக். அங்கிருந்தே அது எவ்வளவு முன்னால் தள்ளி இருக்கிறது என்பது ரீச். எந்தக் கம்பெனியின் இணையதளத்திலும் அந்த மாடலுக்குக் கீழே அட்டவணையில் இருக்கும். ஒரே ரீச் உள்ள இரண்டு ஃபிரேமில் ஸ்டாக் அதிகமுள்ளதில் நிமிர்ந்து உட்காரலாம், குறைவானதில் குனிய வேண்டும். புதிதாக ஓட்டுகிறவர், அதுவும் நாள் முழுக்கக் கம்ப்யூட்டர் முன்னால் கூன் போட்டு உட்காருகிறவர் என்றால், ஸ்டாக் கூடுதலாக உள்ள ஃபிரேம்தான் நல்லது. கடையில் இதை 'எண்டியூரன்ஸ்' வகை என்பார்கள்.

சரி, 54 அளவில் ஒரு டிடி பைக் கிடைத்தால் வாங்கலாமா? அப்போதும் வேண்டாம் என்றுதான் சொல்வேன்.

டிடி பைக், ட்ரையத்லானுக்கென்றே வரும் ட்ரை பைக் இரண்டுமே ஒருவர் தனியாக, நேர்ச்சாலையில், காற்றைக் கிழித்துக்கொண்டு போவதற்காகச் செய்தவை. ரோடு பைக்கில் சீட்டைத் தாங்கும் குழாயின் சாய்வு 73, 74 டிகிரி இருக்கும். ட்ரை பைக்கில் 76 முதல் 80 வரை. அதாவது உங்களைத் தூக்கி முன்னால் உட்கார வைத்து முழங்கையில் படுக்க வைக்கும். கியர் மாற்றும் பட்டன் நீட்டிய குச்சியின் நுனியில், பிரேக் பக்கவாட்டுக் கொம்பில். முழங்கையை ஊன்றிப் போய்க்கொண்டிருக்கும்போது அவினாசி சாலையில் ஒரு ஆட்டோ குறுக்கே திரும்பினால், கையை எடுத்துப் பிரேக்குக்குக் கொண்டுபோவதற்குள் கதை முடிந்துவிடும். நம் ஊரில் வெள்ளைக் கோடு போடாத வேகத்தடை இருக்கிறது, நாய் இருக்கிறது, தவறான பக்கத்தில் ஹெட்லைட் போட்டுக்கொண்டு வருகிற புல்லட் இருக்கிறது. கூட்டமாக ஓட்டும் குழுக்களில் ஏரோ பார் எனப்படும் அந்த நீட்டிய குச்சியில் படுத்து ஓட்ட விடமாட்டார்கள், அதில் நியாயமும் இருக்கிறது. ஆனால் முதல் வருடம் நீங்கள் கற்றுக்கொள்ளப் போவதில் பாதி அந்தக் குழுக்களில்தான் கிடைக்கும்.

போட்டி விதியையும் பாருங்கள். ஒருவர் பின்னால் ஒருவர் ஒட்டிக்கொண்டு போக அனுமதிக்கும் போட்டிகள் உண்டு, ஒலிம்பிக்கில் பார்ப்பது அந்த வகை. அங்கே ரோடு பைக் மட்டும்தான், டிடி பைக்குக்கு இடமில்லை. கோவா 70.3 போன்றவற்றில் ஒட்டிப் போகக் கூடாது. முன்னால் போகிறவரின் முன்சக்கரத்துக்கும் உங்கள் முன்சக்கரத்துக்கும் 12 மீட்டர் இடைவெளி வேண்டும், முந்துவதென்றால் 25 நொடிக்குள் முந்த வேண்டும். அங்கே டிடி பைக் செல்லும், ரோடு பைக்கும் செல்லும். ஆக, ரோடு பைக் இருந்தால் எங்கேயும் போகலாம்.

"வேகம் போய்விடுமே" என்று நண்பர் சொல்வார். ஓரளவு உண்மைதான். சமதரையில் 30 கி.மீ. வேகத்தில் போகும்போது நீங்கள் தள்ளுகிற சக்தியில் பெரும்பங்கு காற்றோடுதான் மல்லுக்கட்டுகிறது. ஆனால் அந்தக் காற்றுத் தடையில் சுமார் முக்கால் பங்கு உங்கள் உடம்பினால் வருவது, சைக்கிளால் அல்ல. அதனால் ஃபிரேமை மாற்றுவதைவிட உட்காரும் விதத்தை மாற்றுவதில்தான் பலன் அதிகம். இதற்கு நான் எல்லோரிடமும் சொல்லும் உதாரணம் பிரான்ஸில் நடக்கும் பெரிய சைக்கிள் போட்டியான டூர் டி பிரான்ஸ், 1989. கடைசி நாள் வெர்சாயிலிருந்து பாரிஸுக்கு 24.5 கி.மீ. தனித்தனியே ஓட்டும் போட்டி. கிரெக் லெமாண்ட், முதலிடத்தில் இருந்த லோரான் ஃபின்யோனைவிட 50 நொடி பின்தங்கியிருந்தார். ட்ரையத்லான்காரர்கள் பயன்படுத்திக்கொண்டிருந்த நீட்டல் ஹேண்டில்பாரை மாட்டிக்கொண்டு கிளம்பினார். ஃபின்யோன் சாதாரணக் கொம்பு ஹேண்டில்பாரில், தலையில் ஒன்றும் இல்லாமல் குதிரைவாலோடு வந்தார். லெமாண்ட் அவரைவிட 58 நொடி முன்னால் முடித்தார். மூன்று வாரப் போட்டியை 8 நொடியில் வென்றார். அந்த 58 நொடிக்கும் காரணம் ஹேண்டில்பார் மட்டும்தான் என்று சொல்ல முடியாது. ஆனால் அதன் பிறகு பெரிய அணிகளும் ட்ரையத்லான்காரர்களிடமிருந்து அதைக் கற்றுக்கொண்டன.

அந்த நீட்டல் பார் இன்றைக்குச் சில ஆயிரங்களில் கிடைக்கிறது. உங்கள் ரோடு பைக்கில் சில போல்ட் முறுக்கி மாட்டிவிடலாம். ஆனால் உடனே வேண்டாம். மூன்று நான்கு மாதம் சாதாரணமாக ஓட்டுங்கள். ஒரு கையை எடுத்துத் தண்ணீர் குடிக்க, பின்னால் திரும்பிப் பார்க்க, நேர்கோட்டில் போக வரட்டும். ஸ்பிரிண்டுக்கு 20 கி.மீ. தானே, அதற்கு இது தேவையே இல்லை. கோவாவுக்கு ஆறு மாதம் முன்னால் மாட்டி, வண்டி இல்லாத சாலையில் பழகுங்கள். மாட்டும்போது சீட்டைக் கொஞ்சம் முன்னால் தள்ள வேண்டியிருக்கும், இல்லாவிட்டால் தொடை வயிற்றில் இடிக்கும். அதோடு, ஆடி மாதத்தில் பொள்ளாச்சி, உடுமலை பக்கம் போகும்போது அந்தப் பாரைப் பிடிக்கவே பிடிக்காதீர்கள். பாலக்காட்டுக் கணவாய் வழியாக வரும் குறுக்குக் காற்று, அங்கே காற்றாலை நட்டு வைத்திருப்பதே அதற்காகத்தான். பக்கவாட்டில் உயரமான ரிம் போட்ட சக்கரமாக இருந்தால் ஆளையே பக்கத்து வரிசைக்குத் தள்ளிவிடும்.

இப்போது முக்கியமான விஷயம். ட்ரையத்லானில் சைக்கிள் கடைசிப் பகுதி இல்லை. ஸ்பிரிண்டில் 750 மீட்டர் நீச்சல், 20 கி.மீ. சைக்கிள், அப்புறம் 5 கி.மீ. ஓட்டம். 70.3ல் 1.9 கி.மீ. நீச்சல், 90 கி.மீ. சைக்கிள், அப்புறம் 21.1 கி.மீ. ஓட்டம். சைக்கிளை விட்டு இறங்கிய பிறகு நீங்கள் எப்படி ஓடுகிறீர்கள் என்பதுதான் சைக்கிளுக்கான பரீட்சை. 90 கி.மீ. தூரத்தை 27 கி.மீ. வேகத்தில் போனால் மூன்று மணி இருபது நிமிடம். 30 கி.மீ. வேகத்தில் போனால் மூன்று மணி. வித்தியாசம் இருபது நிமிடம். என் முதல் 70.3ஐ அந்தப் பெரிய சைக்கிளில்தான் செய்தேன். தனியாக ஓடினால் 1 மணி 58 நிமிடத்தில் முடிக்கும் அரை மாரத்தானை அன்றைக்கு 2 மணி 51 நிமிடத்தில் முடித்தேன். ஐந்தாவது கிலோமீட்டரிலேயே இடுப்பைப் பிடித்துக்கொண்டு நடந்தேன். கால் தயாராக இருந்தது, முதுகு வர மறுத்தது. சைக்கிளில் பத்து நிமிடம் சம்பாதித்து ஓட்டத்தில் ஐம்பது நிமிடம் கொடுத்துவிட்டு வருவது இந்த விளையாட்டில் ரொம்பச் சுலபம். உங்களுக்கு ஓட்டம் நன்றாக வருகிறது. அதைக் காப்பாற்றிக் கொடுக்கிற சைக்கிள்தான் உங்களுக்கு நல்ல சைக்கிள்.

அதே காரணத்தால்தான் கியரைப் பற்றி நிறையப் பேசப் போகிறேன். புதியவர்கள் வேகமான கியர் எவ்வளவு இருக்கிறது என்று பார்ப்பார்கள். நீங்கள் லேசான கியர் எவ்வளவு இருக்கிறது என்று பாருங்கள். நிமிடத்துக்கு எண்பது தொண்ணூறு சுற்று சுற்றினால் தொடை பிழைக்கும். ஐம்பது அறுபதில் அழுத்தி அழுத்தி மிதித்தால் ஓட்டத்துக்கு வைத்திருந்த கால் சைக்கிளிலேயே செலவாகிவிடும். கோவையில் இருக்கிறீர்கள், மேட்டுப்பாளையத்திலிருந்து கோத்தகிரி ஏறாமல் இருக்கப் போவதில்லை. சுமார் 33 கி.மீ.யில் 1,400 மீட்டருக்கு மேல் ஏற்றம். அதன் செங்குத்தான திருப்பங்களில் உங்கள் வேகம் எட்டு கி.மீ.க்கு இறங்கிவிடும். முன்னால் 34 பல், பின்னால் 32 பல் இருந்தால் எட்டு கி.மீ. வேகத்திலும் நிமிடத்துக்கு அறுபது சுற்று சுற்றலாம். நண்பருடைய பைக்கில், பழைய டிடி பைக்குகளில் வழக்கமாக இருப்பதுபோல் முன்னால் இரண்டு பல்சக்கரத்தில் 53, 39 பல், பின்னால் 25 பல் வரை என்று இருந்தால், அதே அறுபது சுற்றுக்கு நீங்கள் பன்னிரண்டு கி.மீ. வேகத்தில் போயாக வேண்டும். முடியாது. நின்று மிதிப்பீர்கள், மூட்டு வலிக்கும். ஆகவே முன்னால் 50/34, பின்னால் 11-32 அல்லது 11-34. இதை மட்டும் மாற்றிக்கொள்ளாதீர்கள்.

கியர் செட்டின் பெயர்களை வைத்துக் கடையில் குழப்புவார்கள். கியர் செய்யும் ஷிமானோ கம்பெனியில் க்ளாரிஸ் பின்னால் எட்டு கியர், சோரா ஒன்பது, டியாக்ரா பத்து, 105 என்பது பழையது பதினொன்று, புதியது பன்னிரண்டு. மேலே போகப் போக எடை குறையும், மாறுவது வழவழப்பாகும், செயினும் பல்சக்கரமும் விலை ஏறும். க்ளாரிஸில் ஓட்டி 70.3 முடித்தவர்களை எனக்குத் தெரியும். உங்கள் பட்ஜெட்டில் சோரா அல்லது டியாக்ரா வந்தால் மகிழ்ச்சி, வராவிட்டால் தூக்கம் கெட வேண்டாம். ஒன்றே ஒன்று: பிரேக்கும் கியரும் ஒரே லீவரில், கையை எடுக்காமல் மாற்றும்படி இருக்க வேண்டும். ரொம்ப மலிவான சில மாடல்களில் கியர் மாற்றும் பொத்தானைக் கொம்பின் மேற்பகுதியில் கட்டைவிரலுக்கு வைத்திருப்பார்கள். கீழே பிடித்து ஓட்டும்போது எட்டாது. அதைத் தவிருங்கள்.

கார்பனா அலுமினியமா? அலுமினியம். உங்கள் 71 கிலோவோடு சைக்கிளும் தண்ணீரும் சேர்ந்து 82 கிலோ என்று வையுங்கள். கார்பனில் ஒரு கிலோ குறைத்தால் மொத்தத்தில் 1.2 சதவீதம். இரண்டரை மணி நேரக் கோத்தகிரி ஏற்றத்திலேயே அது இரண்டு நிமிடம்கூட வராது. சமதரையில் கண்ணுக்கே தெரியாது. முன் ஃபோர்க் மட்டும் கார்பனாக இருந்தால் கைக்கு அதிர்வு குறையும், நடுத்தர விலை அலுமினியம் பைக்குகளில் பெரும்பாலும் அப்படித்தான் வருகிறது.

பிரேக்கில் என்னிடம் ஒரே பதில் இல்லை. மலை இறங்குகிறவர், அதுவும் மழையில் இறங்குகிறவர் டிஸ்க் வாங்கட்டும். ஆனால் விலை குறைந்த பைக்குகளில் வரும் கம்பி இழுக்கும் சாதாரண டிஸ்க்கைவிட நல்ல ரிம் பிரேக் மோசமில்லை, எடையும் குறைவு, தெருமுனை மெக்கானிக்கே சரிசெய்துவிடுவார். ஆயில் டிஸ்க் வந்தால் ஒரு எச்சரிக்கை: சக்கரத்தைக் கழற்றிப் பெட்டியில் வைக்கும்போது நடுவில் ஒரு அட்டைத் துண்டாவது செருகுங்கள். சக்கரம் இல்லாமல் யாராவது லீவரை அமுக்கிவிட்டால் பிரேக் கட்டைகள் இரண்டும் ஒட்டிக்கொள்ளும். போட்டிக்கு முந்தின நாள் ஹோட்டல் அறையில் ஸ்பூனை வைத்து அவற்றைப் பிரித்துக்கொண்டிருந்த ஆளை நான் பார்த்திருக்கிறேன்.

டயர் 28 மி.மீ. போடுங்கள். ஃபிரேமில் 28 நுழையுமா என்று கேட்டுக்கொண்டு வாங்குங்கள், 32 நுழைந்தால் இன்னும் நல்லது. ரோடு பைக் டயரில் 120 பி.எஸ்.ஐ. அடிக்க வேண்டும் என்பது பழைய காலத்து எண்ணம். உங்கள் எடைக்கு 28 மி.மீ. டயரில் 65 முதல் 75 போதும். நம் சாலையில் அதற்கு மேல் போனால் வண்டி குதிக்கும், ஓடாது. அழுத்தம் காட்டும் கடிகாரம் வைத்த கால் பம்ப் வீட்டில் கட்டாயம் வேண்டும். ஏனென்றால் இந்த டியூபில் வரும் வால்வ் வேறு மாதிரி. மெல்லிசாக, நீளமாக இருக்கும். நுனியில் உள்ள குட்டித் திருகைத் தளர்த்தினால்தான் காற்று ஏறும். தெரியாமல் முதல் மாதம் உத்தண்டியில் ஒரு பஞ்சர் கடை முன்னால் பேந்தப் பேந்த விழித்துக்கொண்டு நின்றேன். கடைக்காரர் தன் குழாயை வைத்துப் பார்த்தார், பிடிக்கவில்லை. விரலால் அழுத்திப் பார்த்தார், இருந்த காற்றும் போயிற்று. "இது நம்ம ஊரு வால்வ் இல்லியே தம்பி" என்று ஒரு டீ வாங்கிக் கொடுத்து அனுப்பினார். குறைந்த விலைக்கே பித்தளையில் ஒரு குட்டி அடாப்டர் கிடைக்கும், அதைத் திருகினால் எந்த பஞ்சர் கடையிலும், பெட்ரோல் பங்கிலும் காற்று அடிக்கலாம். இரண்டு வாங்கி, ஒன்றை வண்டியிலேயே மாட்டி விட்டுவிடுங்கள். டியூப் மாற்றுவதை வீட்டு ஹாலில் உட்கார்ந்து நான்கு தடவை செய்து பாருங்கள், அதிலும் பின்சக்கரத்தை. போட்டியில் உங்கள் பஞ்சரை நீங்கள்தான் பார்க்க வேண்டும்.

இப்போது காசுக் கணக்கு. 80,000ஐயும் சைக்கிளில் போட்டுவிடாதீர்கள். விலை கடைக்குக் கடை, மாதத்துக்கு மாதம் மாறும், ஆனாலும் 55 முதல் 60 ஆயிரத்தோடு சைக்கிளை நிறுத்துங்கள். மீதியில் ஹெல்மெட், பம்ப், இரண்டு உபரி டியூப், டயர் கழற்றும் நெம்புகோல், முன்னும் பின்னும் விளக்கு, மெத்தை வைத்த ஷார்ட்ஸ் இரண்டு. அந்த ஷார்ட்ஸுக்குள் ஜட்டி போடக் கூடாது. இதை எனக்கு யாரும் சொல்லவில்லை, தொடை இடுக்கு சொல்லித் தந்தது. அப்புறம் ஒரு நாலைந்து ஆயிரத்தை உடம்புக்கு ஏற்றபடி சைக்கிளை அளந்து பொருத்திக்கொள்ள ஒதுக்குங்கள். வாங்கிய உடனே வேண்டாம். முந்நூறு, நானூறு கி.மீ. ஓட்டிய பிறகு போங்கள், அப்போதுதான் எங்கே வலிக்கிறது என்று சொல்ல உங்களிடம் விவரம் இருக்கும்.

அதுவரைக்கும் சீட் உயரத்துக்கு ஒரு நாட்டு வைத்தியம். சுவரோரமாக வெறுங்காலோடு நின்று, ஒரு தடிமனான புத்தகத்தைக் கால் இடுக்கில் மேலே முட்டும்வரை தூக்கிப் பிடித்து, அதன் மேல்விளிம்பு சுவரில் படும் இடத்தைப் பென்சிலால் குறியுங்கள். தரையிலிருந்து அந்த உயரத்தை 0.883ஆல் பெருக்குங்கள். 80 செ.மீ. வந்தால் 70.6 செ.மீ. பெடல் தண்டுகள் சுழலும் அச்சின் நடுவிலிருந்து சீட்டின் மேற்பரப்பு வரை அந்த அளவு வையுங்கள். மேலே சொன்ன லெமாண்ட் பிரபலமாக்கிய கணக்குதான் இது. எல்லோருக்கும் அச்சாகப் பொருந்தாது, தொடங்குவதற்குப் போதும். இடுப்பு இரண்டு பக்கமும் ஆடினால் கொஞ்சம் இறக்குங்கள், முழங்காலின் முன்பக்கம் வலித்தால் கொஞ்சம் ஏற்றுங்கள்.

காலணியைப் பூட்டும் பெடலுக்கு அவசரம் இல்லை. ஸ்பிரிண்டை ஓடும் ஷூவோடு சாதாரணப் பெடலிலேயே செய்யலாம், சைக்கிளிலிருந்து ஓட்டத்துக்கு மாறும் இடத்தில் ஷூ மாற்றும் நேரமும் மிச்சம். கோவாவுக்குப் பூட்டும் பெடல் நல்லது. சிக்னலில் நிற்கும்போது காலை எடுக்க மறந்து மூன்று தடவையாவது விழுவீர்கள். எல்லோரும் விழுந்திருக்கிறோம். பெடல் மாற்றும்போது நினைவில் வையுங்கள், இடது பெடலின் மரை எதிர்த்திசை. சாதாரணத் திருகுபோல் கழற்றப் போனால் இன்னும் இறுகும். ஹெல்மெட்டிலும் ஒரு விஷயம்: போட்டியில் சைக்கிளைத் தொடுவதற்கு முன்பே தாடைப் பட்டையைப் பூட்டியிருக்க வேண்டும், முடிந்து சைக்கிளை மாட்டிவைத்த பிறகுதான் கழற்ற வேண்டும். நீச்சலிலிருந்து மூச்சு வாங்கிக்கொண்டு வருகிறபோது முதலில் மறப்பது இதைத்தான்.

செகண்ட் ஹேண்ட் என்றால் வேண்டவே வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. 52, 54 அளவில் நல்ல அலுமினியம் ரோடு பைக் ஒன்று வந்தால் புதிதைவிட அதுவே லாபம். நிறையப் பேர் ஆசையாக வாங்கி, நான்கு ஞாயிறு ஓட்டிவிட்டு, துணி காயப்போடும் பைக்குகள் ஊரில் உண்டு. போகும்போது ஒரு அடி ஸ்கேல் கொண்டுபோங்கள். செயினில் ஒரு பின்னின் நடுவில் சுழியத்தை வைத்தால் பன்னிரண்டு அங்குலத்தில் இன்னொரு பின்னின் நடு சரியாக வர வேண்டும். அரை நூல், அதாவது அங்குலத்தில் பதினாறில் ஒரு பங்கு, தள்ளியிருந்தால் செயின் மாற்ற வேண்டும். ஒரு நூல் தள்ளியிருந்தால் பின்னாலிருக்கும் பல்சக்கரமும் போயிற்று, அந்தச் செலவை விலையில் குறைத்துக் கேளுங்கள். சக்கரத்தைத் தூக்கிச் சுற்றிப் பெண்டு பாருங்கள். ஹேண்டிலைத் திருப்பிப் பார்த்து, நடுவில் கடகடவென்று மாட்டினால் பால்ரஸ் தேய்ந்திருக்கிறது. வெல்டிங் ஓரங்களில் பெயின்ட் மயிரிழை போல் விரிந்திருந்தால் மரியாதையாக டீ குடித்துவிட்டு வந்துவிடுங்கள். கார்பனில் விரிசல் உள்ளே இருக்கும், வெளியே தெரியாமல் போகலாம். முதல் சைக்கிளாகப் பழைய கார்பன் வேண்டாம் என்பதற்கு அதுவும் ஒரு காரணம்.

கடைக்குப் போகும்போது பேண்ட் சட்டையோடு போகாமல் ஓடும் உடையில் போங்கள். வாசலில் ஒரு சுற்று சுற்றிப் பார்ப்பது போதாது, அரை மணி கொடுங்கள் என்று கேளுங்கள். லீவர் மேலிருக்கும் ரப்பரில் கையை வைத்து ஓட்டும்போது முழங்கை லேசாக மடங்கியிருக்க வேண்டும். விறைத்து நீட்டியிருந்தால் உங்களுக்கு அது பெரிசு. பத்து நிமிடம் கழித்துத் தோள் தானாகக் காதுப் பக்கம் ஏறுகிறதா என்று கவனியுங்கள். இறங்கியதும் வண்டியைக் கடைக்காரரிடம் கொடுத்துவிட்டு, வெட்கப்படாமல் அந்தத் தெருவில் இருநூறு மீட்டர் ஓடிப் பாருங்கள். முதல் ஐம்பது மீட்டர் கால் மரக்கட்டை போல் இருக்கும், எல்லோருக்கும் அப்படித்தான். அதற்குப் பிறகும் இடுப்பு நிமிரவில்லை என்றால் அடுத்த அளவைக் கொண்டுவரச் சொல்லுங்கள். "இந்த அளவு இப்ப கடையில இல்லை, இதையே அட்ஜஸ்ட் பண்ணித் தர்றேன்" என்றால் அடுத்த கடைக்குப் போங்கள்.

கடையில் காட்டிய மாடலின் பெயரை நீங்கள் எழுதவில்லை. அதன் ஸ்டாக், ரீச் இரண்டையும், சுவரில் குறித்த அளவையும் எழுதுங்கள், பார்த்துச் சொல்கிறேன். நண்பரிடம் மட்டும் பக்குவமாகச் சொல்லிவிடுங்கள், அவர் பைக்கில் ஒன்றும் குறையில்லை, ஆறடி ஆள் யாராவது வாங்கட்டும்.